அந்தப் பெட்டியை எங்கிருந்து பிரிப்பது?

உங்கள் கேள்வியை நான் புரிந்துகொண்ட விதத்தில் முதலில் சொல்லிவிடுகிறேன். சுஜாதாவில் தொடங்கி ஷெர்லாக் ஹோம்ஸ், அகதா கிறிஸ்டி, அசிமோவ் என்று துப்பறியும் கதையும் அறிவியல் புனைகதையுமாகப் படித்தே வளர்ந்தவர் நீங்கள். நண்பர் ஒருவர் வீடு மாறும்போது பண்பாட்டு ஆய்வு நூல்களை ஒரு பெட்டி நிறையக் கொடுத்துவிட்டுப் போயிருக்கிறார். எதை எடுத்தாலும் பத்துப் பக்கம் தாண்டவில்லை. மூன்று வகையையும் கலந்து ஒரு பத்துப் பன்னிரண்டு புத்தகம் சொல்ல முடியுமா, எந்த வரிசையில் படிப்பது என்று கேட்கிறீர்கள். கடைசியில் போகிற போக்கில், “இவ்வளவு நாள் படித்ததெல்லாம் வெறும் பொழுதுபோக்குத்தானே” என்று ஒரு வரியும் சேர்த்திருக்கிறீர்கள். எனக்கு அந்த வரிதான் உண்மையான கேள்வியாகப் படுகிறது. பட்டியல் வேண்டும் என்பதை விட, பழைய வாசிப்பை மூட்டை கட்டி வைத்துவிட்டுத்தான் இந்தப் பெட்டியைத் திறக்க வேண்டுமா என்பதுதான் உங்கள் சந்தேகம். வேண்டாம். ஏன் வேண்டாம் என்பதைச் சொன்னால் பட்டியல் தானாக வந்துவிடும்.

நான் பேராசிரியர் இல்லை. நூலகத்தில் இருபத்திரண்டு வருட வேலை. அதில் பாதிக்கு மேல், வந்திறங்கும் புத்தகத்துக்கு எண் போட்டு அது எந்த அடுக்கில் நிற்க வேண்டும் என்று முடிவு செய்வது. நூல்களைப் பொருள்வாரியாக எண்ணிட்டு அடுக்கும் டூயி முறையில் இங்கிலாந்து நாவல் 823-க்குப் போகும், அமெரிக்க நாவல் 813-க்கு. பண்பாட்டு ஆய்வு நூல்களில் பெரும்பாலானவை 306-ல் நிற்கும். நடுவில் ஐந்நூறு எண் தூரம். பல நூலகங்களில் தரைத்தளத்தில் ஒன்று, மாடியில் மற்றது. இந்தத் தூரம் புத்தகம் அடுக்குபவனின் வசதிக்காக வந்தது; புத்தகங்களுக்கு அதைப் பற்றித் தெரியாது. ஒரு வரம்பையும் இங்கேயே சொல்லிவிடுகிறேன். போலிஷ், இத்தாலியம், பிரெஞ்சு, சீனம் ஆகியவற்றில் எழுதப்பட்டவற்றை நான் ஆங்கிலம் வழியாகத்தான் படித்தேன். அவற்றின் கட்டுமானம் பற்றி நான் சொல்வதை நம்பலாம். நடை பற்றி ஏதாவது சொன்னால் பாதியைக் கழித்துக்கொள்ளுங்கள்.

கார்லோ கின்ஸ்பர்க் என்ற இத்தாலிய வரலாற்றாசிரியர் 1979-ல் ‘தடயங்கள்’ பற்றி ஒரு கட்டுரை எழுதினார். எனக்கு இந்த மூன்று அடுக்குகளும் ஒன்றோடொன்று ஒட்டிக்கொண்டது அந்தக் கட்டுரையில்தான். பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் ஜியோவன்னி மொரெல்லி என்பவர் ஓவியங்களை யார் வரைந்தது என்று கண்டுபிடிக்க ஒரு விசித்திரமான வழி சொன்னார். முகத்தையும் புன்னகையையும் பார்க்காதே, காது மடலையும் விரல் நகத்தையும் பார் என்றார். போலி வரைபவன் புன்னகையைக் கவனமாக நகல் எடுப்பான். காது மடல் வரும்போது கை பழக்கத்துக்கு ஓடிவிடும். அங்கே மாட்டிக்கொள்வான். இதை ஷெர்லாக் ஹோம்ஸ் கதை ஒன்றுக்குப் பக்கத்தில் வைக்கிறார் கின்ஸ்பர்க். 1893-ல் வந்த அந்தக் கதையில் ஒரு பெண்ணுக்கு அட்டைப்பெட்டி ஒன்று தபாலில் வருகிறது. உள்ளே வெட்டப்பட்ட இரண்டு காதுகள். ஹோம்ஸ் காதின் வடிவத்தை வைத்தே வழக்கின் முடிச்சைப் பிடிக்கிறார். மூன்றாவதாக உளப்பகுப்பாய்வைத் தொடங்கிய ஃப்ராய்ட்: நோயாளி முக்கியமாக நினைத்துச் சொல்வதை விட, வாய் தவறி உளறுவதைக் கவனிப்பவர். மொரெல்லி, கோனன் டாய்ல், ஃப்ராய்ட் மூவருமே மருத்துவம் படித்தவர்கள். வெளியே தெரியும் சின்ன அறிகுறியிலிருந்து உள்ளே இருக்கும் பெரிய காரணத்துக்குப் போவது மூவருக்கும் படித்த படிப்பிலேயே வந்தது.

இதில் எது உறுதி, எது ஊகம் என்று பிரித்துச் சொல்ல வேண்டும். மொரெல்லியைப் படித்து ஈர்க்கப்பட்டதாக ஃப்ராய்டே 1914-ல் எழுதியிருக்கிறார், அது உறுதி. டாய்ல் அந்தக் காதுக் கதையை மொரெல்லியிடமிருந்து எடுத்தார் என்பது ஊகம்தான். சுவையான ஊகம், அவ்வளவே. மூன்று பேர் ஒரே காலத்தில் ஒரே மாதிரி யோசித்தார்கள் என்பதால் ஒருவரிடமிருந்து ஒருவர் கற்றார்கள் என்று ஆகிவிடாது. பண்பாட்டு ஆய்வு நூல்களைப் படிக்கும்போது இந்த எச்சரிக்கை கையில் இருக்கட்டும். அந்தத் துறையில் நல்ல எழுத்தாளர்களே கூட, இரண்டு விஷயங்கள் ஒத்துப்போவதைக் காட்டிவிட்டு, ஒன்றுக்கு மற்றொன்று காரணம் என்று நிரூபித்துவிட்டதைப் போல நகர்ந்துவிடுவார்கள்.

கின்ஸ்பர்க் அறிவியல் புனைகதையைப் பற்றிப் பேசவில்லை. அதைச் சேர்ப்பது என் பொறுப்பில். ராபர்ட் ஹைன்லைனின் 1942-ம் வருடத்து நாவல் ஒன்றில் ஒரு குட்டி வாக்கியம் வருகிறது. கதவு திறந்தது என்று எழுத வேண்டிய இடத்தில், கண்ணின் பாவை விரிவதைப் போலக் கதவு ‘விரிந்தது’ என்று எழுதிவிட்டு, விளக்கம் எதுவும் சொல்லாமல் அடுத்த வரிக்குப் போய்விடுவார். ஆங்கிலத்தில் மூன்றே சொல். அந்த உலகத்தில் கதவு செய்யும் விதமே வேறு என்பது நமக்குத் தெரிகிறது. அதை விட முக்கியமாக, அங்கே யாரும் அதைப் பார்த்து வியக்கவில்லை என்பதும் தெரிகிறது. துப்பறியும் கதையில் தடயத்திலிருந்து குற்றத்துக்குப் போகிறோம். இங்கே தடயத்திலிருந்து ஓர் உலகத்துக்கே போகிறோம். நீங்கள் இருபது வருடமாக இதை யோசிக்காமலே செய்து வந்திருக்கிறீர்கள். பண்பாட்டு ஆய்வு கேட்பது இதே வேலையின் திருப்பிப் போட்ட வடிவம்: நாம் தினமும் நுழையும் கதவைப் பார்த்து நாம் ஏன் வியப்பதில்லை? பெட்டியில் இருக்கும் பல புத்தகங்களின் சாரம் இந்தக் கேள்விதான், அவை எவ்வளவு கரடுமுரடாக எழுதப்பட்டிருந்தாலும்.

சரி, புத்தகங்களுக்கு வருவோம். துப்பறியும் கதையில் எட்கர் ஆலன் போவிலிருந்து தொடங்கச் சொல்லும் பட்டியல்கள் நிறைய உண்டு. ரூ மோர்க் கொலைகள் பற்றிய அவருடைய கதை 1841-ல் வந்தது. பூட்டிய அறை, அதிபுத்திசாலித் துப்பறிவாளர், கொஞ்சம் மந்தமான நண்பர் கதை சொல்வது, எல்லாம் அதிலேயே இருக்கிறது. ஆனால் அதுதான் உலகின் முதல் துப்பறியும் கதை என்று அடித்துச் சொல்வதற்கில்லை. ஜெர்மனியின் ஹாஃப்மன் 1819-லேயே ஒரு கிழவி துப்புத் துலக்கும் கதையை எழுதிவிட்டார். சீனத்தில் நீதிபதி வழக்கைத் தீர்க்கும் கதைகள் அதற்கும் பல நூறு வருடம் முந்தையவை. போ வார்ப்பை உருவாக்கினார் என்று சொன்னால் போதும். படிக்கிற சுகத்துக்காக என்றால் போவை விட வில்கி காலின்ஸின் ‘தி மூன்ஸ்டோன்’ மேல். 1868-ல் வந்த இந்த நாவலின் தொடக்கத்தைக் கவனியுங்கள். காணாமல் போகும் வைரம் அந்த ஆங்கிலேயக் குடும்பத்தின் சொத்தே கிடையாது. 1799-ல் திப்பு வீழ்ந்த ஸ்ரீரங்கப்பட்டண முற்றுகையில் ஓர் ஆங்கிலேய அதிகாரி கொலை செய்து எடுத்துக்கொண்டு போனது. அதாவது நாவல் முழுக்க எல்லோரும் தேடுவது, முதல் சில பக்கங்களிலேயே திருட்டுப் பொருள் என்று நமக்குச் சொல்லப்பட்ட ஒன்றை. ‘யார் திருடினார்’ என்ற கேள்விக்குள் ‘யாரிடமிருந்து’ என்ற கேள்வி உட்கார்ந்திருக்கிறது. இதைப் பிடித்துக்கொண்டு நாவலைப் படித்தால், நீங்கள் பண்பாட்டு ஆய்வு செய்கிறீர்கள் என்று அர்த்தம், யாரும் சான்றிதழ் தராவிட்டாலும்.

அடுத்தது கிறிஸ்டி. நீங்கள் எதையெல்லாம் படித்தீர்கள் என்று சொல்லவில்லை. 1926-ல் வந்த ‘தி மர்டர் ஆஃப் ரோஜர் அக்ராய்ட்’ விட்டுப்போயிருந்தால் மற்றதையெல்லாம் தள்ளி வைத்துவிட்டு அதை எடுங்கள். எங்கள் நூலகப் பிரதியில் ஒரு வேடிக்கை உண்டு. முப்பதாம் பக்கத்தை ஒட்டி யாரோ ஒரு பாத்திரத்தின் பெயரைப் பென்சிலால் வட்டமிட்டு, ஓரத்தில் ‘கொலைகாரன் இவன்தான்’ என்று எழுதி வைத்திருந்தார்கள். புத்தகம் திரும்பி வந்த அன்று அழிப்பதற்கு ரப்பரை எடுத்துவிட்டேன். அப்புறம்தான் வட்டமிட்ட பெயரைப் பார்த்தேன். தப்பான ஆள். எழுதியவர் முடிவு வரை படித்த பிறகும் அதை அழிக்க வரவில்லை. நானும் அழிக்கவில்லை. கிறிஸ்டி எழுதியிருந்தால் அவரே செய்திருக்கக்கூடிய குறும்பு அது.

அந்த நாவலைப் படித்து முடித்த பிறகு மட்டும் பியர் பயார் என்ற பிரெஞ்சுக்காரரின் புத்தகத்துக்குப் போங்கள். இலக்கியப் பேராசிரியர், உளப்பகுப்பாய்வாளரும் கூட. ‘ரோஜர் அக்ராய்டைக் கொன்றது யார்?’ என்ற தலைப்பில் 1998-ல் எழுதினார். அவர் வாதம்: கிறிஸ்டியின் துப்பறிவாளர் புவாரோ தவறு செய்துவிட்டார், உண்மையான கொலைகாரர் தப்பித்துவிட்டார். கிறிஸ்டி கொடுத்த அதே தடயங்களை வைத்து வேறு முடிவுக்கு வருகிறார். அவர் சொல்வது சரியா என்று கேட்டால், சரி என்று நான் நினைக்கவில்லை. எழுதியவர் ஒரு முடிவைச் சொன்ன பிறகு பாத்திரத்துக்கு அதற்கு வெளியே ஒரு வாழ்க்கை இருக்கிறது என்று பேசுவது விளையாட்டாகத்தான் நிற்கும். ஆனால் ஒரு தடயத்தை எத்தனை விதமாகப் படிக்கலாம் என்பதற்கு இதை விட நல்ல பயிற்சி கிடையாது. கோட்பாட்டு நூல் என்று பயப்பட வேண்டாம், இதுவும் ஒரு துப்பறியும் கதையாகத்தான் ஓடும்.

கிறிஸ்டி காலத்தில் துப்பறியும் கதைக்குச் சட்டதிட்டங்களே போட்டார்கள். ரொனால்ட் நாக்ஸ் என்ற கத்தோலிக்கப் பாதிரியார், அவரும் துப்பறியும் கதை எழுதியவர், 1929-ல் பத்துக் கட்டளைகள் வகுத்தார். அமானுஷ்யம் கூடாது, ஒன்றுக்கு மேல் ரகசிய வழி கூடாது, துப்பறிபவரே குற்றவாளியாக இருக்கக் கூடாது என்று போகும். ஐந்தாவது கட்டளையில் திடுக்கென்று, கதையில் சீனன் வரக் கூடாது என்கிறார். முதல் பார்வையில் அப்பட்டமான இனவெறி. ஆனால் அதற்கு அவர் எழுதிய குறிப்பைப் பார்த்தால், சீனன் என்றாலே மூளை அதிகம், நெறி குறைவு என்று மேற்கத்தியர்கள் வைத்திருக்கும் எண்ணத்தைச் சுட்டிக்காட்டி, அப்படிப் பாத்திரம் வரும் கதை பெரும்பாலும் மட்டமான கதையாக இருக்கிறது என்கிறார். மலிவு நாவல்களில் மூலைக்கு மூலை நின்ற சதிகாரச் சீனன் மீதான கிண்டல் என்றே பலரும் படிக்கிறார்கள். அந்தக் கிண்டலும் சீனர்களை ஒரு பொருளாகத்தான் பார்க்கிறது என்று சொல்பவர்களும் உண்டு. நான் இரண்டிலும் பாதிப் பாதி. எது எப்படியோ, இந்த ஒரு வரியை வைத்தே 1920-களின் பிரிட்டன் யாரைப் பார்த்துப் பயந்தது என்று ஒரு கட்டுரை எழுதிவிடலாம். எட்வர்ட் சயீதின் ‘ஓரியன்டலிசம்’ (1978) உங்கள் பெட்டியில் கண்டிப்பாக இருக்கும். அதைத் திறக்கும் முன் இந்த ஐந்தாவது கட்டளையை மனதில் வைத்துக்கொண்டு திறங்கள். கீழைத்தேயத்தான் என்ற ஒரு வார்ப்பை மேற்கு எப்படிச் செய்தது என்று அவர் பேசும்போது உங்களுக்கு ஏற்கெனவே ஓர் உதாரணம் கையில் இருக்கும்.

அமெரிக்கப் பக்கம் டேஷியல் ஹாமெட்டைத் தவறவிடாதீர்கள். பிங்கர்ட்டன் துப்பறியும் நிறுவனத்தில் உண்மையாகவே வேலை பார்த்தவர்; வேலை அலுப்பு அவருடைய பக்கங்களில் தெரியும். ‘ரெட் ஹார்வெஸ்ட்’ (1929) ஒரு சுரங்க நகரமே அழுகிப்போன கதை. யார் கொன்றது என்பது பாதியிலேயே முக்கியமில்லாமல் போய்விடும், கொல்லாதவர் யார் என்றுதான் தேட வேண்டும். இன்னொரு அமெரிக்கத் துப்பறியும் எழுத்தாளரான ரேமண்ட் சாண்ட்லரின் நாவல்களை விட அவர் 1944-ல் எழுதிய கட்டுரையை முதலில் படியுங்கள் என்று சொன்னால் அவர் ரசிகர்கள் அடிக்க வருவார்கள், ஆனாலும் சொல்கிறேன். ஆங்கிலேய மாளிகைக் கொலைகளைக் கிழித்துத் தொங்கவிட்டு, கொலை செய்ய உண்மையான காரணம் இருப்பவர்களிடம் கொலையைத் திருப்பிக் கொடுத்தவர் ஹாமெட் என்று வாதாடுவார்.

அறிவியல் புனைகதையில் நீங்கள் அசிமோவ் படித்தவர் என்பதால் ‘தி கேவ்ஸ் ஆஃப் ஸ்டீல்’ முடித்திருப்பீர்கள். முடித்திருந்தாலும் இன்னொரு முறை படியுங்கள். ஜான் கேம்ப்பெல் என்ற புகழ்பெற்ற பத்திரிகை ஆசிரியர், அறிவியல் புனைகதையில் துப்பறியும் கதை சாத்தியமில்லை என்று அசிமோவிடம் சொல்லியிருந்தார். கடைசிப் பக்கத்தில் துப்பறிபவர் பையிலிருந்து ஏதோ எதிர்காலக் கருவியை எடுத்து வழக்கைத் தீர்த்துவிடுவாரே, வாசகனுக்கு அது நியாயமா என்பது அவர் கட்சி. அதற்குப் பதிலாக வந்ததுதான் இந்த 1954 நாவல். அசிமோவ் எப்படித் தப்பித்தார் என்று பாருங்கள். கருவியை ஒளித்து வைக்கவில்லை. மக்கள் மூடிய நகரத்துக்குள் தலைமுறை தலைமுறையாக வாழ்ந்து, திறந்த வானத்தைக் கண்டாலே நடுங்கும் ஒரு சமூகத்தைக் கட்டினார். அந்த நடுக்கத்தைப் புரிந்துகொள்ளாமல் கொலையை அவிழ்க்க முடியாது. மொத்தத்தில் புதிரின் சாவி ஒரு பண்பாட்டுப் பழக்கம். முதல் தடவை கொலைகாரனைத் தேடிப் படித்திருப்பீர்கள். இரண்டாம் தடவை அந்தப் பழக்கத்தைத் தேடிப் படியுங்கள். பொதுச் சாப்பாட்டுக் கூடத்தில் யார் எங்கே உட்காரலாம், கழிப்பறையில் ஏன் ஆண்கள் ஒருவரையொருவர் பார்த்துப் பேசுவதில்லை என்பது வரை எழுதி வைத்திருக்கிறார்.

அந்த வழியின் இன்னொரு முனையில் நிற்பது சைனா மியெவில்லின் ‘தி சிட்டி அண்ட் தி சிட்டி’ (2009). இரண்டு நகரங்கள் ஒரே இடத்தில், தெருவோடு தெரு பின்னிக் கிடக்கின்றன. ஒரு நகரத்துக்காரர் மற்ற நகரத்து மனிதரை, வண்டியை, கட்டடத்தைப் பார்க்கக் கூடாது. கண்ணில் பட்டாலும் ‘பாராமல்’ இருக்கச் சிறு வயதிலேயே பழக்கிவிடுகிறார்கள். அங்கே ஒரு பெண்ணின் பிணம் கிடைக்கிறது. இந்தப் புத்தகத்துக்கு எண் போடும்போது நாங்கள் மூன்று பேர் அரை நாள் சண்டை போட்டோம்: துப்பறியும் நாவல் அடுக்கா, அறிவியல் புனைகதை அடுக்கா என்று. ஹியூகோ விருது வாங்கியிருக்கிறது, அறிவியல் புனைகதைதான் என்றார் ஒருவர். நூலில் விஞ்ஞானமே கிடையாதே என்றார் இன்னொருவர். மியெவில் மானுடவியல் படித்தவர். எனக்கு வகையே பெரிதாகப்படவில்லை; படித்துவிட்டுத் தெருவில் இறங்கியபோது, நான் தினமும் யாரையெல்லாம் பாராமல் போகிறேன் என்று கணக்கெடுக்க ஆரம்பித்துவிட்டேன்.

உர்சுலா லெ குயினுக்கு மானுடவியல் வீட்டிலேயே இருந்தது, அப்பா ஆல்ஃபிரட் க்ரோபர் அந்தத் துறையின் பெரிய பெயர். ‘தி லெஃப்ட் ஹேண்ட் ஆஃப் டார்க்னஸ்’ (1969) ஆண், பெண் என்ற நிலையான பிரிவே இல்லாத ஒரு கிரகத்துக்குப் போகும் தூதரின் கதை. நடுநடுவே அந்த ஊர்ப் பழங்கதைகள், ஓர் ஆய்வாளரின் களக்குறிப்பு என்று கோப்பைப் போலத் தொகுத்திருப்பார். முதல் நூறு பக்கம் மெதுவாகத்தான் போகும். பொறுத்துக்கொள்ளுங்கள், பனியில் நடக்கும் பகுதி வந்த பிறகு கீழே வைக்க மாட்டீர்கள். எச்.ஜி. வெல்ஸின் ‘தி வார் ஆஃப் தி வேர்ல்ட்ஸ்’ சின்ன வயதில் படித்திருப்பீர்கள். அதன் முதல் அத்தியாயத்தை மட்டும் திரும்ப எடுங்கள். செவ்வாய்க்காரர்களைக் கொடியவர்கள் என்று தீர்ப்புச் சொல்லும் முன், ஐரோப்பியர்கள் டாஸ்மேனிய மக்களை என்ன செய்தார்கள் என்று நினைத்துப் பாருங்கள் என்று 1898-லேயே எழுதியிருக்கிறார். சிறுவனாக இருந்தபோது நான் அந்த வரியைத் தாண்டிக் குதித்துப் போயிருக்கிறேன். பேகம் ரொக்கேயாவின் ‘சுல்தானாவின் கனவு’ 1905-ல் சென்னையிலிருந்து வந்த ஓர் ஆங்கில மகளிர் இதழில் வெளியானது. ஆண்கள் வீட்டுக்குள் அடைபட்டிருக்க, பெண்கள் சூரிய வெப்பத்தைச் சேமித்து நாடாளுகிறார்கள். அரை மணி நேரத்தில் முடிந்துவிடும், சிரிக்கவும் செய்யலாம்.

ஸ்டானிஸ்லாவ் லெம்முக்குத் தனியாக இடம் வேண்டும். ‘சோலாரிஸ்’ (1961) வாங்கும் முன் மொழிபெயர்ப்பாளர் பெயரைப் பாருங்கள். நெடுங்காலம் ஆங்கிலத்தில் கிடைத்தது பிரெஞ்சு வழியாகச் செய்யப்பட்ட 1970-ம் வருடப் பதிப்பு, லெம்முக்கே அதில் திருப்தி இல்லை. போலிஷிலிருந்து நேரடியாக பில் ஜான்ஸ்டன் செய்தது 2011-ல்தான் வந்தது. கதைநாயகன் விண்வெளி நிலையத்து நூலகத்தில் உட்கார்ந்து, அந்தக் கடல் கிரகத்தைப் பற்றி நூறு வருடமாக எழுதப்பட்ட ஆராய்ச்சி நூல்களைப் புரட்டும் இடம் வரும். கோட்பாட்டுக்கு மேல் கோட்பாடு, சிந்தனைப் பள்ளிக்கு எதிர்ப்பள்ளி, கடைசியில் கடல் மட்டும் அப்படியே இருக்கிறது. பலர் அந்தப் பக்கங்களை அலுப்பு என்று தள்ளிவிடுவார்கள். அலமாரி அலமாரியாக அப்படிப்பட்ட நூல்களுக்கு எண் போட்டவன் என்பதால் எனக்கு அதை விடச் சிரிப்பான பகுதி வேறில்லை. பண்பாட்டு ஆய்வு நூல்களைப் படிக்கப் போகிறவருக்கு இது தடுப்பூசி மாதிரி. இதே லெம் 1959-ல் ‘தி இன்வெஸ்டிகேஷன்’ என்று ஒரு துப்பறியும் நாவலும் எழுதினார். பிணவறைகளில் பிணங்கள் இடம் மாறுகின்றன, ஸ்காட்லாந்து யார்டு விசாரிக்கிறது, புள்ளியியல் தெரிந்த ஒருவர் ஒரு விளக்கம் தருகிறார், அது விளக்கமா என்பதே சந்தேகம். ஒழுங்கான முடிவை எதிர்பார்த்தால் கோபம் வரும்.

இப்போது பெட்டி. அதிலிருந்து தியோடர் அடோர்னோ, ஃப்ரெட்ரிக் ஜேம்சன் என்ற கோட்பாட்டாளர்கள் இரண்டு பேரையும் எடுத்து அலமாரியின் மேல்தட்டில் வையுங்கள். மோசமானவர்கள் என்பதற்காகச் சொல்லவில்லை. ஜேம்சன் அறிவியல் புனைகதை பற்றி ஒரு பெரிய நூலும் சாண்ட்லர் பற்றி ஒரு சிறு நூலும் எழுதியவர், பின்னால் உங்களுக்கு வேண்டியவர். ஆனால் அவர் வாக்கியம் ஒவ்வொன்றும் ஏற்கெனவே நாற்பது புத்தகம் படித்தவரோடு பேசுகிறது. நீங்கள் பத்துப் பக்கத்தில் நின்றதற்கு உங்கள் மேல் பிழை கிடையாது, வரிசைதான் தப்பு.

கீழே இருக்க வேண்டியது பிரெஞ்சு விமர்சகர் ரோலான் பார்த்தின் ‘மித்தாலஜீஸ்’ (1957). மல்யுத்தம், சோப்புத்தூள், புது மாடல் கார் என்று அன்றாட விஷயங்கள் பற்றிய குட்டிக் கட்டுரைகள், பலவும் இரண்டு மூன்று பக்கம்தான். அதில் உங்களுக்கென்றே எழுதியதைப் போல இரண்டு இருக்கின்றன. ஒன்று செவ்வாய்க்காரர்கள் பற்றியது: பறக்கும் தட்டைப் பற்றிப் பத்திரிகைகள் எழுதும்போது செவ்வாயை எப்படிப் பூமியின் நகலாகவே கற்பனை செய்கிறார்கள் என்று காட்டுவார். இன்னொன்று ஓர் உண்மைக் கொலை வழக்கு. 1952-ல் பிரான்சில் ஓர் ஆங்கிலேயக் குடும்பம் கொல்லப்பட்டது. டொமினிசி என்ற வயதான விவசாயிக்குத் தண்டனை கிடைத்தது. நீதிமன்றத்தில் பேசிய மொழிக்கும் அந்தக் கிழவர் பேசிய மொழிக்கும் ஒட்டே இல்லை. நாவல்களில் படித்த ஒரு ‘கிராமத்தான் மன’த்தை அவருக்குள் பொருத்தித் தீர்ப்பு எழுதிவிட்டார்கள் என்பது பார்த்தின் குற்றச்சாட்டு. அவர் குற்றவாளியா நிரபராதியா என்பதற்குள் பார்த் போகவில்லை, நாமும் இந்தக் கட்டுரையை வைத்து அதை முடிவு செய்ய முடியாது. ஒரு நடைமுறைத் தகவல்: 1972-ம் வருட ஆங்கிலப் பதிப்பு முழு நூல் இல்லை, தேர்ந்தெடுத்தவை மட்டும். டொமினிசி அதில் உண்டு, செவ்வாய் கிடையாது. முழுமையாக வந்தது 2012-ல். உங்களிடம் இருப்பது எது என்று பாருங்கள்.

அப்புறம் ரிச்சர்ட் ஹோகார்ட். ‘தி யூசஸ் ஆஃப் லிட்டரசி’யும் 1957-தான். பண்பாட்டு ஆய்வுக்கென்று பர்மிங்ஹாம் பல்கலைக்கழகத்தில் 1964-ல் முதல் மையத்தைத் தொடங்கியவர் இவர். தொழிலாளர் வீடுகளின் பேச்சும் பாட்டும் பத்திரிகையும் பற்றி உள்ளே வளர்ந்தவராக எழுதுகிறார், முதல் பாதி அருமை. இரண்டாம் பாதியில் மலிவான குற்ற நாவல்களைத் திட்டுகிறார். அங்கே ஒரு கூத்து நடந்தது. உண்மையான நாவல்களிலிருந்து மேற்கோள் காட்டினால் அவதூறு வழக்கு வரும் என்று வக்கீல் பயமுறுத்த, மேற்கோள்களையும் தலைப்புகளையும் அவரே புனைந்து எழுதினார். அவர் இட்டுக்கட்டிய தலைப்புகளில் ஒன்றான ‘டெத் கேப் ஃபார் க்யூட்டி’ பிறகு ஒரு பாட்டாகி, அப்புறம் ஓர் அமெரிக்க இசைக்குழுவின் பெயராகவும் ஆனது. மட்டமான எழுத்து என்று காட்ட அவர் எழுதிய பக்கங்களில் அவருக்கே கொஞ்சம் குஷி தெரிகிறது என்பது என் சந்தேகம்.

குற்றத்தைப் பற்றிய பண்பாட்டு ஆய்வு என்றால் ஒன்றே ஒன்று: ஸ்டூவர்ட் ஹாலும் கூட்டாளிகளும் எழுதிய ‘போலீசிங் தி க்ரைசிஸ்’ (1978). பர்மிங்ஹாமில் 1972-ல் நடந்த ஒரு வழிப்பறி வழக்கில் பதின்வயதுப் பையன்கள் மூன்று பேருக்கு 20, 10, 10 வருடம் என்று தண்டனை. ஏன் இவ்வளவு? அங்கே பிடித்து, வழிப்பறியைக் குறிக்கும் ‘மக்கிங்’ என்ற சொல் அமெரிக்காவிலிருந்து எப்படி வந்தது, செய்தித்தாள், போலீஸ், நீதிபதி மூவரும் ஒருவர் சொன்னதை மற்றவர் ஆதாரமாகக் காட்டிப் பீதியை எப்படி வளர்த்தார்கள் என்று இழை இழையாகப் பிரிக்கிறார்கள். முதல் பாதி உண்மையான துப்பறியும் வேலை. பின்பாதியில் பிரிட்டிஷ் அரசியல் வரலாறு நீண்டுகொண்டே போகும், தாண்டினால் குற்றமில்லை. புள்ளிவிவரங்களை அவர்கள் கையாண்ட விதம் பற்றிப் பின்னால் குற்றவியல்காரர்கள் சண்டை போட்டார்கள் என்பதையும் சொல்லிவிடுகிறேன்.

பெட்டியில் இருக்கும் சில நூல்கள், துப்பறியும் கதை என்றாலே போலீசுக்கும் சட்டம் ஒழுங்குக்கும் ஆதரவான வகை, கடைசிப் பக்கத்தில் ஒழுங்கு திரும்பிவிடுகிறது, ஆகவே பழமைவாதம் என்று உங்களிடம் சொல்லும். ஹாமெட்டையும் லெம்மையும் படித்த பிறகு அதை அப்படியே ஏற்காதீர்கள். இந்தத் தரப்பில் நான் மதிக்கும் நூல் பெல்ஜிய மார்க்சியப் பொருளாதார அறிஞர் எர்னஸ்ட் மாண்டல் எழுதிய ‘டிலைட்ஃபுல் மர்டர்’ (1984). தனக்குத் துப்பறியும் கதை பிடிக்கும் என்று எடுத்த எடுப்பிலேயே ஒப்புக்கொண்டுவிட்டு வாதாடுகிறார். மக்கள் கொண்டாடிய கொள்ளைக்காரன் எப்போது வில்லனானான், போலீஸ்காரன் எப்போது நாயகனானான் என்பது அவர் கேள்வி. எல்லா நாவலையும் அந்தச் சட்டகத்துக்குள் அடைக்க முடியாது, அவரும் சில இடங்களில் அழுத்தித் திணிக்கிறார்.

வரிசை கேட்டீர்கள். பார்த்தில் அந்த இரண்டு கட்டுரை, பிறகு அக்ராய்ட், உடனே பயார். மூன்றும் ஒரு மாதத்துக்குள் முடியும். அதன் பிறகு மூன்ஸ்டோன், பக்கத்திலேயே சயீதின் அறிமுகப் பகுதி. அசிமோவையும் மியெவில்லையும் அடுத்தடுத்து. ஹோகார்ட்டின் முதல் பாதி, லெ குயின், ஹாமெட், ஹால், லெம் என்று மீதியை உங்கள் இஷ்டப்படி கலைத்துப் போட்டுக்கொள்ளலாம். ஒரே அடுக்கிலிருந்து தொடர்ந்து இரண்டு எடுக்காதீர்கள், அவ்வளவுதான். பயாரை மட்டும் அக்ராய்டுக்கு முன்னால் தொடவே தொடாதீர்கள். பின்னட்டையைக்கூடப் படிக்க வேண்டாம். கொலைகாரர் பெயரை அதில் போட்டுவிட்ட பதிப்பு ஒன்று ஒருமுறை என் மேசைக்கு வந்தது. அந்த இடத்தில் வகைப்பாட்டு எண் லேபிளை ஒட்டி மறைத்தேன்.